வனத்துத் துறவியரும் அவர்களை உடைமையாக்கியோரும்: ஆண்ட்வெர்ப் முதல் மும்பை வரை ஓர் ஓவிய வகையின் கைமாற்ற வரலாறு

எகிப்தின் பாலைநிலத்தில் தனித்து வாழ்ந்த முதல் கிறித்தவத் துறவியரான பவுலையும் அந்தோணியையும் தமிழ்க் கத்தோலிக்கர் ‘வனத்துச் சின்னப்பர்’ என்றும் ‘வனத்து அந்தோணியார்’ என்றும் அழைக்கின்றனர். நெல்லை, தூத்துக்குடிப் பகுதிகளிலிருந்து பம்பாய்க்குப் பெயர்ந்து தாராவியில் நிலைகொண்ட கத்தோலிக்கக் குடும்பங்களுக்கும் இப்பெயர்கள் அறிமுகமானவையே. மூலக்கதையில் இருப்பது மணலும் வெம்மையும். தமிழ் வழக்கில் அது வனமாயிற்று. துறவுக்கு உரிய இடம் காடு என்னும் இந்நிலத்தின் பழைய எண்ணம் வெளியிலிருந்து வந்த கதையைத் தன் நிலத்துக்கு ஏற்ப மாற்றிக்கொண்டது.

இதே மாற்றத்தை 16ஆம் நூற்றாண்டின் ஃபிளெமிஷ் ஓவியரும் செய்தனர். அவர்கள் தீட்டிய துறவியர் வாழும் இடத்தில் மணல் இல்லை. அடர்ந்த மரங்கள், பாசி படிந்த பாறை, நீரோடை, மரப்பாலம், வைக்கோல் வேய்ந்த குடில், தொலைவில் நீலமாய் மங்கும் மலை ஆகியவையே உள்ளன. ‘துறவியர் நிலக்காட்சி’ என்று கலை வரலாற்றில் தனித்து எண்ணப்படும் இந்த ஓவிய வகை எவர் கையில் பிறந்தது, எவர் கைக்கு மாறியது, ஒவ்வொரு கைமாற்றமும் அதன் பொருளை எவ்வாறு திருத்தியது என்பது ஆராயத்தக்கது. உடைமையைத் துறந்தவரின் உருவம் நானூறு ஆண்டுகளாக உடைமையாகவே கைமாறி வந்துள்ளது.

இவ்வகையின் தொடக்கத்தில் நிற்பவர் 1515இல் ஆண்ட்வெர்ப் ஓவியர் குழுமத்தில் சேர்ந்த யோவாகிம் பாட்டினிர். அவருடைய புனித எரோணிமுஸ் ஓவியங்களில் துறவி பாறையின் நிழலில் சிற்றுருவாகக் குந்தியிருப்பார். பலகையின் பெரும்பகுதியை ஆறும் மலையும் வானமும் நிறைக்கும். 1521இல் நெதர்லாந்து நாடுகளில் பயணம் செய்த அல்பிரெக்ட் டூரர் தம் நாட்குறிப்பில் பாட்டினிரை நல்ல நிலக்காட்சி ஓவியர் எனக் குறிப்பிட்டார். நிலக்காட்சி ஒரு தனித்துறையாக எண்ணப்படத் தொடங்கியதற்கு அக்குறிப்பு தொடக்கச் சான்றுகளுள் ஒன்று. ஆயினும் அந்நாளில் நிலத்தை நிலத்துக்காக மட்டும் வாங்குவோர் சிலரே. ஓவியத்தில் ஒரு புனிதர் இருப்பது வாங்குவோருக்கும் விற்போருக்கும் வசதியாக இருந்தது.

அடுத்த கட்டம் அரசியல் நெருக்கடியில் பிறந்தது. 1566இல் கால்வினியர் ஆலயங்களுக்குள் புகுந்து உருவங்களை உடைத்தனர். 1585இல் நீண்ட முற்றுகைக்குப் பின் ஆண்ட்வெர்ப் நகரம் ஸ்பானியப் படையிடம் வீழ்ந்தது. சில ஆண்டுகளில் நகரின் மக்கள்தொகை பாதியாகச் சுருங்கியது. வணிகரும் அச்சகத்தாரும் கலைஞரும் வெளியேறினர். அக்காலத்தில்தான் மார்ட்டன் தெ வோஸ் வரைந்த உருக்களைக் கொண்டு யான் சாதெலர், ராஃபேல் சாதெலர் என்னும் உடன்பிறந்தார் இருவரும் பாலைநிலத் துறவியர் வாழ்வைச் செப்புத்தகட்டு அச்சுப்படங்களாக வெளியிடத் தொடங்கினர். ‘சோலித்தூதோ’ என்ற இலத்தீன் தலைப்புடைய முதல் தொகுதியில் ஏறக்குறைய 30 படங்கள் இருந்தன. பின்னர் மேலும் சில தொகுதிகள் வந்தன. பெண் துறவியருக்கென ஆட்ரியன் கோலார்ட் தனித்தொகுதி செதுக்கினார். ஊரை இழந்தோர் பெருகிய காலத்தில் ஊரை விட்டு விலகியோரின் படங்கள் விற்பனையானது தற்செயலாக இருக்க முடியாது. மேலும், அச்சுப்படம் எளிதில் மடித்து எடுத்துச் செல்லத்தக்கது. ஒரே தகட்டிலிருந்து நூற்றுக்கணக்கான படிகள் கிடைக்கும். அதனால் ஓவியம் செல்ல இயலாத தொலைவுக்கும் அது சென்றது.

அந்த அச்சுப்படங்களை மாதிரியாகக் கொண்டு வண்ண ஓவியம் தீட்டியோருள் முதன்மையானவர் யான் புரூகல் (1568–1625). பெரும்புகழ் பெற்ற பீட்டர் புரூகலின் இளைய மகன். 1590களின் தொடக்கத்தில் அவர் உரோமை நகரில் இருந்தபோது கர்தினால் ஃபெதரிகோ பொரோமியோவின் ஆதரவைப் பெற்றார். 1595இல் பொரோமியோ மிலானின் பேராயரானபோது ஓவியரும் உடன் சென்று, 1596இல் தாயகம் திரும்பும்வரை அவருடைய இல்லத்திலேயே தங்கினார். அக்காலத்தை ஒட்டிப் பொரோமியோவுக்காகத் துறவியர் நிலக்காட்சிகள் சிலவற்றைச் சிறிய செப்புத்தகடுகளில் தீட்டினார். உரோமையில் வாழ்ந்த மற்றொரு ஃபிளெமிஷ் ஓவியரான பால் பிரிலும் இவ்வகையில் பொரோமியோவுக்கு ஓவியங்கள் அளித்தார். செப்புத்தகட்டில் துணியின் நெசவோ மரத்தின் நரம்போ இல்லை. இலை ஒவ்வொன்றையும் நுண்தூரிகையால் தனித்துக் காட்ட அந்த வழவழப்பே இடம் தந்தது. கையில் ஏந்தி, கண்ணருகே வைத்துப் பார்க்கத்தக்க ஓவியங்கள் அவை.

பொரோமியோவுக்கு அவை எதற்குப் பயன்பட்டன என்பதை அவருடைய எழுத்துகளே தெரிவிக்கின்றன. அறைக்குள் அடைபட்டிருக்கும் வேளையில் திறந்த வெளியின் பரப்பை நிலக்காட்சி ஓவியம் ஈடுசெய்கிறது என்றும், படைப்பின் பன்மையைக் காண்பது படைத்தவனை எண்ணுவதற்கு வழி என்றும் அவர் கருதினார். பெரும் மறைமாவட்டம் ஒன்றின் ஆட்சிச் சுமையும் வழக்குகளும் சூழ வாழ்ந்தவர் அவர். தம்மால் செல்ல இயலாத தனிமையை அவர் சுவரில் மாட்டிக்கொண்டார். உடைமையாளரின் வாழ்வுக்கும் ஓவியத்தின் பொருளுக்கும் இடையே இருந்த இடைவெளியே அந்த ஓவியத்தின் பயன் எனலாம்.

1618இல் பொரோமியோ தம் ஓவியத் தொகுப்பை, தாம் நிறுவிய அம்புரோசியானா நூலகத்துக்குக் கொடையாக அளித்தார். 1625இல் ‘மூசேயம்’ என்னும் நூலில் தாமே அத்தொகுப்பை விவரித்தார். கொடை ஆவணமும் விவரண நூலும் ஓவியருடன் நடந்த கடிதப் போக்குவரத்தும் எஞ்சியிருப்பதால் இந்த ஓவியங்களின் உடைமை வரலாறு வியக்கத்தக்க அளவு தெளிவாக உள்ளது. வரைந்தவர், வரைவித்தவர், அளித்தவர், பெற்றவர் ஆகிய நால்வரும் எழுத்தில் உள்ளனர்.

அத்தகைய தெளிவும் படையெடுப்பின் முன் காப்பாக நிற்கவில்லை. 1796 மே மாதம் நெப்போலியனின் படை மிலானுக்குள் நுழைந்தது. பிரெஞ்சு ஆணையர்கள் அம்புரோசியானாவிலிருந்து லியொனார்தோவின் ஏட்டுத் தொகுதிகளையும், ராஃபேல் ‘ஏதென்ஸ் பள்ளி’க்காக வரைந்த பெரும் முன்வரைவையும், பொரோமியோவுக்காக யான் புரூகல் தீட்டிய நான்கு பூதங்களின் ஓவியங்களையும் பாரிசுக்குக் கொண்டு சென்றனர். 1815இல் நெப்போலியன் வீழ்ந்த பின் பல பொருள்கள் திரும்பின. நான்கு பூதங்களில் நெருப்பும் நீரும் மிலானுக்கு மீண்டன. நிலமும் காற்றும் இன்றும் லூவ்ர் அருங்காட்சியகத்தில் உள்ளன. ஒரே மனிதர் ஒரே நோக்குடன் வரைவித்த தொகுதி இரு நாடுகளில் பிரிந்து கிடக்கிறது. துறவியர் நிலக்காட்சிகளை அம்புரோசியானாவிலேயே இன்றும் காணலாம்.

ஓவியரின் பெயரே ஐயத்துக்கு உள்ளாகும் இடமும் இவ்வரலாற்றில் உண்டு. 1625இல் தந்தை இறந்தபின் இத்தாலியிலிருந்து திரும்பிய இளைய யான் புரூகல் பட்டறையைப் பொறுப்பேற்றார். தந்தையின் ஓவியங்களை விற்றார். அவற்றின் பாணியில் பல படிகளையும் ஆக்கினார். ஒரு துறவியர் நிலக்காட்சி தந்தையுடையதா, மகனுடையதா, பட்டறையுடையதா என்னும் வினா பாணியை மட்டும் கொண்டு எப்போதும் தீர்வதில்லை. அது எந்த ஆண்டு எவருக்கு விற்கப்பட்டது என்ற செய்தி கிடைத்தால் தீர்வு எளிதாகிறது. அவ்வகையில் உடைமை வரலாறு கலை வரலாற்றின் பின்னிணைப்பாக நில்லாமல், அதன் முதன்மைச் சான்றாகவே ஆகிறது.

ஓவியங்கள் ஐரோப்பாவுக்குள் கைமாறிக்கொண்டிருந்தபோது அச்சுப்படங்கள் இந்தியாவை அடைந்தன. 1580இல் ஃபதேபூர் சிக்ரிக்கு வந்த முதல் இயேசு சபைத் தூதுக்குழுவினர், ஆண்ட்வெர்ப் நகரில் கிறிஸ்தோஃபர் பிளாந்தேன் அச்சிட்ட பன்மொழி விவிலியத்தை அக்பருக்கு அளித்தனர். அதன் செதுக்குப் படங்கள் அரண்மனை ஓவியர் கைக்குச் சென்றன. பின்னர் வந்த குழுக்கள் மேலும் பல படங்களைக் கொணர்ந்தன. இளவரசர் சலீம், பிற்காலத்து ஜஹாங்கீர், அவற்றை ஆர்வத்துடன் திரட்டினார். பசாவன், கேசுதாஸ், மனோகர் முதலிய ஓவியர்கள் அவற்றை எதிர்கொண்ட விதம் வெறும் படியெடுப்பாக இருக்கவில்லை. இன்று பாரிசின் கிமே அருங்காட்சியகத்தில் உள்ள கேசுதாசின் புனித எரோணிமுஸ் ஓவியம் ஒரு சான்று. 1564இல் மரியோ கார்த்தாரோ செதுக்கிய இத்தாலிய அச்சுப்படம் அதன் மூலம். அந்தப் படத்தின் உருவமோ மிக்கேலாஞ்சலோ தீட்டிய நோவாவிலிருந்து வந்தது. உரோமையின் மேல்விதானத்தில் குடிமயக்கத்தில் சாய்ந்திருந்த நோவா, அச்சில் துறவியாகி, முகலாய ஓவியரின் தூரிகையில் வண்ணம் பெற்றார். அச்சுப்படத்தில் இருந்தவை கருங்கோடுகள் மட்டுமே. வண்ணம் முழுவதும் கேசுதாசின் முடிவு.

இதன்பின் வந்த முகலாய ஓவியங்களில் யோகியரும் சூஃபிகளும் அமரும் மரத்தடிக்குப் பின்னால், நீல மங்கலில் கரையும் மலைகளும் நுண்ணிய கோபுரங்களுடைய ஊர்களும் தோன்றுகின்றன. ஐரோப்பிய நிலக்காட்சியின் ஆழம் இந்தியத் துறவிக்குப் பின்புலமாயிற்று. அதற்கு அரசியல் பயனும் இருந்தது. ஜஹாங்கீர் 1617இல் உஜ்ஜயினிக்கு அருகே குகையில் வாழ்ந்த ஜதரூப் என்னும் துறவியைக் கண்டு உரையாடினார். குகை வாயிலின் குறுக்கத்தைத் தம் நினைவுக்குறிப்பில் வியந்து எழுதினார். அச்சந்திப்பு ஓவியமாகவும் தீட்டப்பட்டது. மிலானின் பேராயருக்குத் துறவி ஓர் அகத்துணை. ஆக்ராவின் பேரரசருக்கோ, துறவியின் முன் அமரும் காட்சி தம் ஆட்சியின் தகுதிக்குச் சான்று.

அந்த அரண்மனைத் தொகுப்புகளும் ஓரிடத்தில் நிலைக்கவில்லை. முகலாய ஓவியங்களோடு ஐரோப்பிய அச்சுப்படங்களும் ஒட்டப்பட்ட குல்ஷன் ஏடு இன்று தெஹ்ரானின் கோலெஸ்தான் அரண்மனையில் உள்ளது. 1739இல் நாதிர் ஷா தில்லியைச் சூறையாடியபோது அது ஈரானுக்குச் சென்றது என்பது ஆய்வாளர் பலரின் கருத்து. அதனுடன் தொடர்புடைய ஜஹாங்கீர் ஏட்டை, 1860–61இல் ஈரானுக்குச் சென்ற பிரஷ்யத் தூதுக்குழுவில் இருந்த ஹைன்ரிஷ் புருக்ஷ் வாங்கினார். இன்று அது பெர்லின் அரசு நூலகத்தில் உள்ளது. ஆண்ட்வெர்ப் பகுதியின் அச்சுத்தாள் இந்தியாவுக்கு வந்து, இந்தியச் சட்டகம் பெற்று, ஈரான் வழியாக ஐரோப்பாவுக்கே திரும்பிய சுற்று அது.

மும்பை இக்கதைக்குள் வருவது இருபதாம் நூற்றாண்டில். 1905இல் அடிக்கல் நாட்டப்பட்டு 1922இல் திறக்கப்பட்ட பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ் அருங்காட்சியகம், 1998 முதல் சத்ரபதி சிவாஜி மகராஜ் வாஸ்து சங்ரஹாலயா என்று பெயர் பெற்றுள்ளது. அதன் ஐரோப்பிய ஓவியங்கள் பெரும்பாலும் ஜம்ஷெட்ஜி டாட்டாவின் மக்களான ரத்தன் டாட்டா, தொராப்ஜி டாட்டா ஆகியோரின் தொகுப்புகளிலிருந்து வந்தவை. 1918இல் மறைந்த ரத்தன் டாட்டா, இலண்டனை அடுத்த டுவிக்கனத்தில் யார்க் இல்லத்தை 1906இல் ஓர்லியன்ஸ் கோமகனிடமிருந்து வாங்கி வாழ்ந்தவர். பாடலிபுத்திர அகழாய்வுக்கும் பொருளுதவி செய்தவர். தொராப்ஜியின் தொகுப்பு 1933இல் அருங்காட்சியகத்தை அடைந்தது. காலனிக்கு உட்பட்ட நாட்டின் பொருள்கள் ஐரோப்பிய அருங்காட்சியகங்களை நிரப்பிய காலத்தில், அந்நாட்டின் வணிகக் குடும்பமொன்று ஐரோப்பிய ஓவியங்களை விலை கொடுத்து வாங்கித் தன் நகரத்துக்குப் பொதுவாக்கியது.

அந்த விலை எங்கிருந்து வந்தது என்பதும் உடைமை வரலாற்றின் பகுதியே. நாகபுரியின் எம்பிரஸ் ஆலையும், 1886இல் வாங்கப்பட்ட குர்லாவின் சுதேசி ஆலையும் அக்குடும்பச் செல்வத்தின் தூண்களுள் அடங்கும். குர்லா, செம்பூருக்கும் தாராவிக்கும் அண்டைப் பகுதி. ஆலைகளையும் தோல் பதனிடும் கூடங்களையும் நம்பிப் பல மாநிலங்களிலிருந்து வந்த உழைப்பாளர் வாழ்ந்த நிலம் அது. மாதுங்காவிலிருந்தோ செம்பூரிலிருந்தோ புறநகர் இரயிலேறி அருங்காட்சியகத்துக்குச் செல்லும் மாணவர், ஓவியத்தின் அருகிலுள்ள அட்டையில் ஓவியர் பெயரையும் கொடையாளர் பெயரையும் காண்பார். இரண்டுக்கும் இடைப்பட்ட மூன்று நூற்றாண்டுகளும், பஞ்சு நூலாகி, நூல் துணியாகி, துணி ஓவியமான பாதையும் அந்த அட்டையில் அடங்குவதில்லை.

அவ்விடைவெளியை நிரப்பும் சான்றுகள் பெரும்பாலும் ஓவியத்தின் பின்புறத்தில் இருக்கின்றன. ஆண்ட்வெர்ப் மரப்பலகைகளில் குழுமத்தின் கோட்டையும் கைகளும் கொண்ட சூட்டு முத்திரை இருக்கலாம். செப்புத்தகடுகளில் பீட்டர் ஸ்டாஸ் போன்ற தகட்டுக் கம்மியரின் முத்திரை இருக்கலாம். அரக்கு முத்திரை பழைய உடைமையாளரின் குலச்சின்னத்தைக் காட்டும். ஏல நிறுவனத்தின் எண்ணும் வணிகரின் ஒட்டுச்சீட்டும் ஆண்டைக் கண்டறிய உதவும். ஆம்ஸ்டர்டாம் கலைவணிகர் ஜாக் கௌட்ஸ்டிக்கர் 1940இல் நாஜிப் படையிடமிருந்து தப்பும் வழியில் கப்பலில் இறந்தபோது, அவரிடம் ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஓவியங்களைப் பட்டியலிட்ட சிறு கறுப்புக் குறிப்பேடு இருந்தது. அதன் துணையால், 2006இல் நெதர்லாந்து அரசு 202 ஓவியங்களை அவருடைய வழித்தோன்றல்களிடம் திருப்பி அளித்தது. பறிக்கப்பட்ட தொகுப்பைக் குறிப்பேடு ஒன்று மீட்டுத் தந்தது.

தமிழ் ஆய்வுலகுக்கு இம்முறை அயலானது அன்று. தஞ்சை மாவட்டத்துப் பத்தூரில் 1976இல் மண்ணிலிருந்து வெளிப்பட்ட நடராசர் இலண்டனை அடைந்து, வழக்காகி, 1991இல் மேல்முறையீட்டு நீதிமன்றத் தீர்ப்புக்குப் பின் நாடு திரும்பினார். பாழடைந்த கோயிலும் வழக்காடும் தகுதியுடையது என்பதை ஆங்கில நீதிமன்றம் ஏற்றது. அரியலூர் மாவட்டத்து ஸ்ரீபுரந்தான் நடராசரை ஆஸ்திரேலிய தேசிய ஓவியக்கூடம் 2008இல் ஏறக்குறைய 50 லட்சம் அமெரிக்க டாலருக்கு வாங்கியது. 1972ஆம் ஆண்டின் தொல்பொருள் சட்டத்துக்கு முன்பே சிலை இந்தியாவை விட்டுச் சென்றதாகக் காட்டும் பொய் ஆவணங்கள் உடன் தரப்பட்டிருந்தன. புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனத்தின் பழைய நிழற்படம், சிலை அதற்குப் பின்னரும் கோயிலிலேயே இருந்தது என நிறுவியது. 2014 செப்டம்பரில் அது திரும்பியது. உடைமை வரலாறு பொய்யாகப் புனையப்படலாம் என்பதற்கும், ஒரே ஒரு நேர்மையான பதிவு அப்பொய்யை உடைக்கலாம் என்பதற்கும் இதனினும் வலிய சான்று தேவையில்லை.

துறவிக்கும் உடைமைப் பதிவுக்கும் உள்ள உறவு தமிழ் நிலத்தில் ஃபிளெமிஷ் ஓவியத்தினும் மிகப் பழையது. கரூருக்கு அருகே புகளூரின் ஆறுநாட்டார் மலையில், இளங்கடுங்கோ இளங்கோ ஆனபோது செங்காயபன் என்னும் சமண முதியவருக்குக் குகைத் தங்குமிடம் அமைத்துக் கொடுத்ததைத் தமிழ்-பிராமிக் கல்வெட்டு கூறுகிறது. அளித்தவரின் தந்தை, பாட்டன் ஆகியோர் பெயரும் அதில் உண்டு. மும்பையின் வடபுறத்தில் கன்ஹேரியின் 100க்கும் மேற்பட்ட பௌத்தக் குகைகளிலும் கல்யாண், சோபாரா முதலிய ஊர்களின் வணிகரும் இல்லறத்தாரும் தம் கொடைகளைப் பொறித்துள்ளனர். எதையும் உடைமையாகக் கொள்ளாதவரின் படுக்கைக்கு, அதை அளித்தவரின் பெயர் இரண்டாயிரம் ஆண்டுகளாகக் கல்லில் உள்ளது. தங்கியவர் பற்றி அறியப்படுவதும் பெரும்பாலும் அக்கொடைப் பதிவின் வழியேதான்.

இந்த ஒப்புமையிலிருந்து ஆய்வு மாணவர் கொள்ளத்தக்க பாடம் ஒன்று உண்டு. கல்வெட்டு ஆய்வாளர் கொடையாளர், கொடை பெற்றவர், காலம், இடம் என வரிசைப்படுத்திக் கேட்கும் வினாக்களையே ஓவியத்தின் பின்புறத்திலும் கேட்க வேண்டும். மும்பையின் ஐரோப்பிய ஓவியங்களை முன்புறத்தின் அழகுக்காகப் பார்த்தோர் பலர். அவற்றின் முத்திரைகளையும் ஒட்டுச்சீட்டுகளையும் ஏலப் பட்டியல்களோடு ஒப்பிட்டு எழுத, கல்வெட்டில் பயிற்சி பெற்ற தமிழ் மாணவருக்குத் தகுதி உண்டு. வாய்ப்பும் ஓர் இரயில் பயணத் தொலைவிலேயே உள்ளது. சிலைகள் எவ்வாறு வெளியே சென்றன என்று உலகைக் கேட்கும் சமூகம், தன் நகரத்துக்குள் வந்த ஓவியங்கள் எவ்வாறு வந்தன என்பதையும் அதே கண்டிப்புடன் எழுதிவைக்கும்போது அக்கேள்விக்கு வலிமை கூடும்.